ஸ்லைடில் வெள்ளையாகத் தெரியும் இடத்தில் என்ன இருக்கிறது? இணைப்புத் திசு பற்றிச் சில சந்தேகங்கள்

முதலாண்டுக்காரி:
வணக்கம். திசுவியல் செய்முறைத் தேர்வுக்குத் தயார் செய்துகொண்டிருக்கிறேன். எபிதீலியம் (உறுப்புகளின் பரப்பை மூடும் திசு) வந்தால் பயமில்லை. செல்கள் ஒட்டி ஒட்டி நிற்கும், ஒரு பக்கம் வெளி இருக்கும், கீழே அடிச்சவ்வு இருக்கும், பெயரைச் சொல்லிவிடலாம். இணைப்புத் திசு வந்தால்தான் திண்டாட்டம். தளர்வான திசு, அடர்ந்த திசு, கொழுப்புத் திசு, தசைநாண் என்று புத்தகத்தில் அழகாகப் பிரித்து வண்ணப்படம் போட்டிருக்கிறார்கள். நுண்ணோக்கியில் கண்ணை வைத்தால் எல்லாமே இளஞ்சிவப்பு நூல், நடுநடுவே ஊதா உட்கரு, மிச்சமெல்லாம் வெள்ளை.

அந்த வெள்ளை இடத்தில் உண்மையிலேயே ஒன்றும் இல்லையா? தசைநாணையும் மென்தசையையும் (குடல், இரத்தக் குழாய்ச் சுவர்களில் இருக்கும் தசை) எதை வைத்துப் பிரிப்பது? அப்புறம், இரத்தத்தை எதற்கு இந்தக் கூட்டத்தில் சேர்த்தார்கள்?

குறுக்குவெட்டு:
முதலில் பார்க்கிற பழக்கத்தை மாற்றுங்கள். எபிதீலியத்தில் செல்லைப் பார்த்துப் பெயர் சொல்கிறோம். இங்கே செல்லுக்கு வெளியே என்ன கிடக்கிறது என்று பார்த்துத்தான் பெயர். எந்த நார், எவ்வளவு நார், எந்தத் திசையில் ஓடுகிறது, நாருக்கு நடுவே உள்ள தளப்பொருள் கூழாக இருக்கிறதா, கெட்டியா, சுண்ணாம்பேறியதா, திரவமா. இவற்றுக்குப் பதில் கிடைத்தால் வகை தானாக வந்துவிடும்.

வெள்ளை இடத்தைப் பற்றி நீலச்சாயம் அக்கா சொல்லட்டும். தினமும் ஸ்லைடு போடுகிறவர் அவர்தான்.

நீலச்சாயம்:
ஆய்வகத்தில் ஸ்லைடு தயாரிக்கும் ஆள் என்ற முறையில் சொல்கிறேன். திசுவில் எங்கள் கை பட்ட பிறகு என்ன மிஞ்சியதோ அதைத்தான் நீங்கள் பார்க்கிறீர்கள். எங்கே எது போனது என்று தெரிந்தால் பாதிச் சந்தேகம் தீரும்.

வெட்டியெடுத்த துண்டு முதலில் ஃபார்மலினில் ஊறும். புரதங்கள் ஒன்றோடொன்று பிணைந்து அப்படியே நின்றுவிடும். பிறகு ஆல்கஹால், அடர்த்தியைப் படிப்படியாகக் கூட்டிக்கொண்டே போய்க் கடைசியில் 100 சதவீதம். திசுவில் இருக்கிற நீர் முழுக்க வெளியேறிவிடும். அடுத்து சைலீன், ஆல்கஹாலை வெளியே தள்ளுவதற்கு. கடைசியாக உருகிய பாரஃபின் மெழுகு உள்ளே இறங்கும். மெழுகுக் கட்டியை மைக்ரோடோமில் மாட்டி 4 அல்லது 5 மைக்ரோமீட்டர் கனத்தில் சீவுகிறோம். அதன் பிறகுதான் சாயம்.

இப்போது ஒவ்வொன்றாகப் பாருங்கள். கொழுப்பு ஆல்கஹாலிலும் சைலீனிலும் கரைந்து போகும். ஒரு வெள்ளைக் கொழுப்புச் செல் 100 மைக்ரோமீட்டர் வரை, சில சமயம் அதற்கு மேலும் பெரிதாக இருக்கும். உள்ளே ஒரே ஒரு பெரிய கொழுப்புத் துளி. சைட்டோபிளாசமும் உட்கருவும் ஓரத்தில் நசுங்கிக் கிடக்கும். துளி கரைந்ததும் மிஞ்சுவது ஒரு மெல்லிய வளையம், அதன் ஒரு மூலையில் தட்டையான உட்கரு. பல செல்களில் அந்த உட்கருகூட நம் வெட்டில் சிக்காது. அதனால்தான் கொழுப்புத் திசு காலிக் கட்டங்கள் அடுக்கியதுபோல் தெரிகிறது. கொழுப்பைக் கண்ணால் பார்க்க வேண்டுமென்றால் மெழுகுக்குப் போகாமல் துண்டை உறைய வைத்து வெட்டி, ஆயில் ரெட் ஓ போட வேண்டும். சிவப்புச் சிவப்பாக நிரம்பி நிற்கும். ஆஸ்மியம் டெட்ராக்சைடு போட்டால் கறுப்பு.

தளர்வான திசுவின் வெள்ளை இடம் வேறு கதை. அங்கே இருந்தது தளப்பொருள். பெரும்பகுதி நீர், அதைப் பிடித்துவைத்திருக்கும் நீளமான சர்க்கரைச் சங்கிலிகள். இவற்றில் ஒரு பகுதி எங்கள் கரைசல்களிலேயே கரைந்து போய்விடும், நீர் போனதும் மிச்சமும் சுருங்கிவிடும். உயிருள்ள திசுவில் அந்த இடம் வழுவழுப்பான கூழால் நிரம்பியிருந்தது.

அடுத்தது சாயம். ஹீமடாக்சிலின் உட்கருவின் நியூக்ளிக் அமிலங்களைப் பிடித்து நீல ஊதாவாக்கும். இயோசின் பெரும்பாலான புரதங்களைப் பிடித்து இளஞ்சிவப்பாக்கும். நார்களில் இந்த ஜோடிக்கு நன்றாக மாட்டுவது கொலாஜன் மட்டும்தான். எலாஸ்டின் நார் லேசான இளஞ்சிவப்பில் கொலாஜனோடு கலந்துவிடும். தடிமனாக இருந்தால் மட்டும் கண்ணாடிபோல் கொஞ்சம் பளபளக்கும். வலைபோல் பின்னும் மெல்லிய ரெட்டிகுலார் நார் சுத்தமாகத் தெரியாது. ஆக வழக்கமான ஸ்லைடில் கொழுப்பு இல்லை, தளப்பொருள் பெரும்பாலும் இல்லை, மூன்று நார்களில் இரண்டு கண்ணுக்கு அகப்படாது. எல்லாம் ஒரே மாதிரி இருக்கிறது என்று நீங்கள் சொல்வதில் என்ன ஆச்சரியம்?

எலாஸ்டினுக்கு வெர்ஹாஃப் சாயம், கறுப்பாக வரும். ஆர்சின் போட்டால் பழுப்பு. ரெட்டிகுலாருக்கு வெள்ளி உப்பு. கொலாஜனைத் தசையிலிருந்து பிரிக்க மேசன் ட்ரைகுரோம்: கொலாஜன் நீலம் அல்லது பச்சை, தசை சிவப்பு. இந்த நான்கையும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

முதலாண்டுக்காரி:
அக்கா, இதைப் புத்தகத்தின் முதல் பக்கத்திலேயே போட்டிருக்கலாம்! ஒரு கேள்வி. தளப்பொருள் கழுவிக்கொண்டு போய்விடுகிறது என்றால், அது கூழாக இருந்தது என்று எப்படித் தெரியும்? அதனால் உடம்புக்கு என்ன பயன்?

மூலக்கூறான்:
இது என் பக்கம். சர்க்கரைச் சங்கிலிகள் என்று அவர் சொன்னவை கிளைக்கோஸ்அமினோகிளைக்கன்கள். பெயர் வாயில் நுழையாது, சுருக்கமாகக் ‘காக்’ என்போம். காண்ட்ராய்டின் சல்ஃபேட், டெர்மட்டன் சல்ஃபேட், கெரட்டன் சல்ஃபேட், ஹெப்பரான் சல்ஃபேட் ஆகியவை ஒரு மையப் புரதத்தில் இருபுறமும் முளைத்து நிற்கும். அந்த முழு மூலக்கூறுதான் புரோட்டியோகிளைக்கன். ஹைலூரோனிக் அமிலம் மட்டும் தனிக்காட்டு ராஜா. சல்ஃபேட் கிடையாது, மையப் புரதத்தோடு ஒட்டுவதும் கிடையாது, நீளமோ மற்றவற்றைவிடப் பல மடங்கு.

சங்கிலி முழுக்க எதிர் மின்னூட்டம். அது சோடியம் அயனிகளை இழுக்கும், சோடியத்தின் பின்னாலேயே நீர் வரும். அப்படி நீரைக் குடித்து உப்பி நிற்பதால்தான் கூழ். இந்தக் கூழின் வழியாகத்தான் தந்துகியிலிருந்து ஆக்ஸிஜனும் குளுக்கோஸும் செல்லுக்குப் போகின்றன, கழிவு திரும்பி வருகிறது. சிறிய மூலக்கூறு எளிதாக ஊடுருவும். பாக்டீரியா போன்ற பெரிய ஆசாமி சிக்கிக்கொள்வான்.

கூழ் இருந்ததற்குச் சாட்சியே பாக்டீரியாதான். ஸ்ட்ரெப்டோகாக்கஸ், ஸ்டஃபைலோகாக்கஸ் வகைகளில் சில ஹைலூரோனிடேஸ் என்ற நொதியைச் சுரக்கின்றன. அது ஹைலூரோனிக் அமிலத்தை நறுக்கிவிடும். கூழ் இளகியதும் தொற்று தோலுக்கடியில் வேகமாகப் பரவும். அதே நொதியை மருத்துவத்திலும் பயன்படுத்துகிறார்கள். தோலுக்கடியில் செலுத்தும் திரவம் சீக்கிரம் பரவி உறிஞ்சப்பட வேண்டும் என்றால் கூடவே ஹைலூரோனிடேஸ் கொடுப்பதுண்டு.

ராப்பறவை:
காலில் நீர் கோத்து, விரலால் அழுத்தினால் குழி விழுகிறதே, அதுவும் இந்த இடத்தில்தானே?

மூலக்கூறான்:
ஆமாம். இயல்பான நிலையில் நீர் காக் சங்கிலிகளிடம் பிடிபட்டிருக்கும், நினைத்தபடி ஓடாது. தந்துகியிலிருந்து கசிவது அளவுக்கு மீறும்போது பிடிபடாத நீர் தேங்கும். விரல் அழுத்தியதும் அது நகர்ந்துவிடுவதால் குழி. திரும்ப வந்து நிரம்பக் கொஞ்ச நேரம் ஆகும்.

குறுக்குவெட்டு:
தளர்வான திசுவை விட்டு நகரும் முன் அதில் இருக்கிற செல்களையும் பார்த்துவிடுங்கள், தேர்வில் அம்புக்குறி போட்டுக் கேட்பார்கள். ஃபைப்ரோபிளாஸ்ட்தான் நிரந்தரக் குடிவாசி. நார், தளப்பொருள் இரண்டையும் சுரப்பது அதுவே. ஸ்லைடில் நீளவாக்கில் மெலிந்த உட்கரு மட்டும் தெரியும், சைட்டோபிளாசம் கொலாஜன் நிறத்தோடு கலந்துவிடும். மேக்ரோஃபேஜ் ஓய்வாக இருந்தால் அதையும் இதையும் பிரிப்பது கஷ்டம். ஏதாவது துகளை விழுங்கியிருந்தால்தான் சுலபம். பிளாஸ்மா செல்லைத் தவறவிட முடியாது: முட்டை வடிவம், உட்கரு ஒரு பக்கமாக ஒதுங்கியிருக்கும், உட்கருவுக்குள் குரோமாட்டின் கடிகார எண்கள்போல் வட்டமாகக் கட்டிகட்டியாக இருக்கும், உட்கருவை ஒட்டி ஒரு வெளிறிய திட்டு. அந்தத் திட்டு கால்கி உறுப்பு.

மாஸ்ட் செல்லுக்கு மட்டும் அக்காவின் உதவி வேண்டும்.

நீலச்சாயம்:
மாஸ்ட் செல்லுக்கு டொலுயிடின் நீலம். என் பெயர்க்காரணமும் அதுவே. சாயம் நீலம், பின்னணியும் நீலமாகத்தான் வரும். ஆனால் சிறு இரத்தக் குழாயை ஒட்டிய இடத்தில் 40 மடங்கு லென்ஸை வைத்துத் தேடினால், ஒரு செல் மட்டும் செவ்வூதா மணிகளால் உட்கரு மறையும் அளவுக்கு நிரம்பி நிற்கும். சில செல்களின் ஓரத்தில் மணிகள் சிதறி வெளியேயும் கிடக்கும். ஒரே சாயம், இரண்டு நிறம். மணிகளில் இருக்கும் ஹெப்பாரினில் சல்ஃபேட் நெருக்கமாக இருப்பதால் சாய மூலக்கூறுகள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிக்கொள்ளும், உறிஞ்சும் ஒளி மாறிவிடும். இதற்கு மெட்டாகுரோமேசியா என்று பெயர். பால் எர்லிக் 1878இல் தம் முனைவர் பட்ட ஆய்வேட்டில் இந்தச் செல்லை விவரித்ததும் அனிலின் சாயங்களைக் கொண்டுதான். அதே மணிகளில்தான் ஹிஸ்டமினும் இருக்கிறது. ஒவ்வாமையில் வீக்கம், அரிப்பு எல்லாம் அங்கிருந்து கிளம்புகிறது.

முதலாண்டுக்காரி:
தசைநாண், மென்தசை விஷயத்தை யாராவது சொல்லுங்கள். சென்ற உள்தேர்வில் எங்கள் மேசையில் பாதிப் பேர் மாற்றி எழுதினோம்.

மூட்டுக்காரன்:
நாண்தான் என் பிழைப்பு, நான் சொல்கிறேன்.

10 மடங்கு லென்ஸில் ஆரம்பியுங்கள். இரண்டுமே இளஞ்சிவப்புப் பட்டைகளாக ஒரே திசையில் ஓடும். குழப்பம் அங்கேதான். 40க்கு மாறி ஒரே கேள்வியைக் கேளுங்கள்: உட்கரு இழைக்கு உள்ளே இருக்கிறதா, இழைகளுக்கு நடுவே இருக்கிறதா? மென்தசையில் அந்த இளஞ்சிவப்பே செல்லின் சைட்டோபிளாசம்தான், எனவே உட்கரு அதன் நடுவில் இருக்கும். தடித்த நீள்வட்டம், நிறம் சற்று வெளிறியது, தசை சுருங்கிய நிலையில் இருந்தால் திருகாணிபோல் முறுக்கிக்கொண்டிருக்கும். தசைநாணில் இளஞ்சிவப்பு முழுக்கக் கொலாஜன், செல் கிடையாது. ஃபைப்ரோபிளாஸ்டுகள் கொலாஜன் கற்றைகளுக்கு இடையே நசுங்கி, மெல்லிய கரிய கோடுகளாக ஒன்றன்பின் ஒன்றாக வரிசை கட்டும். எண்ணிக்கையும் குறைவு.

குறுக்காக வெட்டிய ஸ்லைடு வந்தால் இன்னும் சுலபம். மென்தசையில் சின்னதும் பெரிதுமாக வட்டங்கள், சிலவற்றின் நடுவில் மட்டும் உட்கரு. தசைநாணில் கொலாஜன் தீவுகள், அவற்றின் இடுக்கில் முக்கோணமாக நசுங்கிய உட்கருக்கள்.

இன்னொரு எதிரியும் உண்டு: நரம்பு. தசைநாண் தளர்ந்த நிலையில் அலையலையாக இருக்கும். அந்த அலை தற்செயலானது இல்லை. இழுக்கும்போது முதலில் நிமிர்வது அதுதான், அதன் பிறகே நார் உண்மையில் இறுகத் தொடங்கும். நரம்பும் அதேபோல் அலையாக ஓடும். ஆனால் அதில் உட்கருக்கள் அதிகம், மயலின் (நரம்பிழையைச் சுற்றிய கொழுப்புறை) கரைந்த இடத்தில் நுரைபோன்ற வெளிறல் இருக்கும், சுற்றிலும் தெளிவான உறை இருக்கும்.

சந்தேகம் தீரவில்லை என்றால் கண்டென்சரைக் கொஞ்சம் கீழே இறக்குங்கள். கொலாஜன் மினுங்கும், தசை அவ்வளவாக மினுங்காது.

ராப்பறவை:
ஒரே கொலாஜன் தசைநாணில் நேராகவும் தோலில் தாறுமாறாகவும் இருப்பது ஏன்?

மூட்டுக்காரன்:
இழுவை எந்தப் பக்கமிருந்து வருகிறதோ அந்தப் பக்கம் நார் ஓடும். தசைநாணுக்கு ஒரே திசையில்தான் இழுவை, எனவே எல்லாம் இணையாக. தோலின் உள்ளடுக்கான டெர்மிஸை எந்தப் பக்கமிருந்தும் யாரும் இழுக்கலாம், எனவே எல்லாத் திசையிலும் பின்னல். கண்ணின் வெண்விழிப் படலம், எலும்பின் மேலுறை, உறுப்புகளின் உறைகள் எல்லாம் ஏறக்குறைய அந்த ரகம். அடர்ந்த ஒழுங்கான திசு, அடர்ந்த ஒழுங்கற்ற திசு என்ற பாகுபாட்டை மனப்பாடம் செய்ய வேண்டியதே இல்லை. அந்த இடத்தில் விசை எப்படி வருகிறது என்று யோசித்தால் போதும்.

மூலக்கூறான்:
கொலாஜனின் உள்ளமைப்பையும் சேர்த்துவிடுகிறேன். மூன்று பாலிபெப்டைடு சங்கிலிகள் ஒன்றையொன்று முறுக்கிக்கொண்ட ஒரு மூலக்கூறு: நீளம் சுமார் 300 நானோமீட்டர், தடிமன் வெறும் 1.5. ஒவ்வொரு சங்கிலியிலும் மூன்றாவது அமினோ அமிலம் தவறாமல் கிளைசின். முறுக்கின் மையத்தில் இடம் அவ்வளவு நெருக்கடி, மிகச் சிறிய கிளைசினைத் தவிர வேறு எதுவும் அங்கே உட்காராது. அந்தக் கிளைசின் ஒன்று மாறினாலே போதும், எலும்பு எளிதில் முறியும் ஆஸ்டியோஜெனிசிஸ் இம்பர்ஃபெக்டா வரலாம்.

இந்த மூலக்கூறுகள் பக்கத்தில் பக்கத்தில் அடுக்கும்போது தலையோடு தலை சேராமல் ஒவ்வொன்றும் ஏறக்குறைய கால்பங்கு தள்ளி நிற்கும். அதனால்தான் எலக்ட்ரான் நுண்ணோக்கியில் 67 நானோமீட்டருக்கு ஒரு முறை குறுக்குக்கோடு விழுகிறது. ஒளி நுண்ணோக்கியில் அதைத் தேடாதீர்கள், தெரியவே தெரியாது.

வைட்டமின் சி இங்கேதான் நுழைகிறது. சங்கிலியில் உள்ள புரோலின் ஹைட்ராக்சிபுரோலினாக மாறினால்தான் முறுக்கு உடல் வெப்பத்தில் குலையாமல் நிற்கும். அதைச் செய்யும் நொதியின் இரும்பை வேலைக்குத் தகுந்த நிலையில் வைத்திருப்பது வைட்டமின் சி. அது இல்லாவிட்டால் ஸ்கர்வி: ஈறு கசியும், புது காயம் ஆறாது, என்றோ ஆறிய பழைய தழும்புகூடத் திறந்துகொள்ளும். கடைசியில் சொன்னதைக் கவனியுங்கள். தழும்பு நாம் நினைப்பதுபோல் ஒரு முறை கட்டி முடித்த சுவர் கிடையாது, அதன் கொலாஜன் தொடர்ந்து சிதைந்து புதிதாக வந்துகொண்டே இருக்கிறது. கப்பல் மருத்துவர் ஜேம்ஸ் லிண்ட் 1747இல் மாலுமிகளுக்கு ஆரஞ்சும் எலுமிச்சையும் கொடுத்துப் பார்த்தபோது கொலாஜனும் தெரியாது, வைட்டமினும் தெரியாது. ஆனால் அந்தப் பழங்களைத் தின்றவர்கள்தான் தேறினார்கள்.

முதலாண்டுக்காரி:
எலாஸ்டின் இருக்கிற ஸ்லைடு என்று எதைக் கொடுப்பார்கள்?

நீலச்சாயம்:
பெரும்பாலும் மகாதமனி, இல்லையென்றால் காதுமடல். மகாதமனியை வெர்ஹாஃபில் போட்டால் நடு அடுக்கு முழுக்கக் கறுப்பு அலைக்கோடுகள், ஒன்றன்கீழ் ஒன்றாக டஜன் கணக்கில். ஓட்டை போட்ட தகடுகள் அவை, குறுக்கே வெட்டியதால் கோடாகத் தெரிகின்றன. அலைக்குக் காரணம் இதுதான்: உயிரோடு இருக்கும்போது இரத்த அழுத்தம் அவற்றை இழுத்து நிமிர்த்தி வைத்திருக்கும், வெட்டியெடுத்ததும் சுருண்டுவிடும். இன்னொன்று, இங்கே எலாஸ்டினைச் சுரப்பது ஃபைப்ரோபிளாஸ்ட் இல்லை. தகடுகளுக்கு நடுவே இருக்கும் மென்தசைச் செல்கள்தான். வாய்மொழித் தேர்வில் கேட்க மிகவும் பிடித்த கேள்வி.

மூலக்கூறான்:
எலாஸ்டின் தனியாக நிற்காது, ஃபைப்ரில்லின் இழைகள் சாரம் கட்டியதும் அதன்மேல்தான் படியும். ஃபைப்ரில்லின்-1 மரபணு பழுதானால் மார்ஃபன் நோய்க்குறி. மகாதமனி விரிந்து கிழிவதுதான் அதில் உயிருக்கு ஆபத்து.

தாவிக்குதி:
குருத்தெலும்பு மூன்று வகை: ஹையலின், எலாஸ்டிக், நார்க் குருத்தெலும்பு. மூக்கு, காது, முதுகெலும்பு வட்டு. இவ்வளவுதான் படிக்கணும், மீதி எல்லாம் கதை.

மூட்டுக்காரன்:
தம்பி, அப்படிப் படித்தால் ஸ்லைடு வந்ததும் மாட்டிக்கொள்வாய்.

ஹையலின்: சீரான, கண்ணாடி போன்ற நீலம் கலந்த தளம். நார் இருக்கிறது, இரண்டாம் வகைக் கொலாஜன். ஆனால் அது மிக நுண்ணியது, ஒளியைத் திருப்பும் திறனும் தளப்பொருளைப்போலவே இருப்பதால் கண்ணுக்குத் தெரியாது. நீலம் வருவது காண்ட்ராய்டின் சல்ஃபேட்டால். குழிக்குள் செல்கள் இரண்டு, நான்கு என்று கூட்டமாக இருக்கும். ஒரே தாய்ச்செல் பிரிந்து வந்தவை, கெட்டித் தளத்துக்குள் எங்கும் நகர முடியாமல் அங்கேயே நின்றுவிட்டன. குழியைச் சுற்றி நீலம் அழுத்தமாக இருக்கும், புதிதாகச் சுரந்த சல்ஃபேட் அங்கே அதிகம். செல் குழியை விட்டு விலகிச் சுருங்கியிருப்பதுபோல் தெரிவது பெரும்பாலும் அக்காவின் ஆல்கஹால் செய்த வேலை.

எலாஸ்டிக்: அதே அமைப்பு, நடுவே எலாஸ்டின் வலை. வெர்ஹாஃப் இல்லாமல் சொல்வது கஷ்டம். காதுமடல், குரல்வளை மூடி.

நார்க் குருத்தெலும்பு: பார்த்தால் தசைநாண் மாதிரியே இருக்கும். முதல் வகைக் கொலாஜன் கற்றைகள், ஆனால் இடையில் தட்டையான உட்கரு இருக்க வேண்டிய இடத்தில் உருண்டையான செல்கள் குழிக்குள் வரிசையாக உட்கார்ந்திருக்கும். அந்தக் குழி தெரிந்ததும் முடிவு செய்துவிடலாம். மேலுறை கிடையாது.

இன்னொரு விஷயம். மேலுறை இல்லாதது நார்க் குருத்தெலும்பு மட்டும் இல்லை. மூட்டின் முகப்பில் இருக்கும் ஹையலினுக்கும் அது கிடையாது. இரத்தக் குழாயும் கிடையாது. செல்லுக்குச் சாப்பாடு மூட்டுத் திரவத்திலிருந்து ஊறி வர வேண்டும். எடை விழும்போது பஞ்சைப் பிழிவதுபோல் நீர் வெளியே வரும், எடை போனதும் உள்ளே போகும். அக்ரிக்கன் என்ற புரோட்டியோகிளைக்கன் மூலக்கூறுகளின் எதிர் மின்னூட்டம் அந்த நீரை மறுபடி இழுத்துக்கொள்கிறது, இரண்டாம் வகைக் கொலாஜன் வலை உப்புதலுக்கு எல்லை போடுகிறது. இந்த இழுபறிதான் மூட்டின் மெத்தை. அது கிழிந்தால் அதே தரத்தில் திரும்ப வளராது. அடியில் உள்ள எலும்பைச் சின்னதாகத் துளைத்து மஜ்ஜைச் செல்களை வரவழைக்கும் அறுவை சிகிச்சை இருக்கிறது, ஆனால் அங்கே முளைப்பது பெரும்பாலும் நார்க் குருத்தெலும்பு. முதல் வகைக் கொலாஜன் இழுவைக்கு நல்லது, அழுத்தம் தாங்குவதில் ஹையலினுக்கு ஈடாகாது.

தாவிக்குதி:
சரி சார், எடுத்துக்கொண்டேன். இரத்தம் பற்றி யாரும் பேசவே இல்லையே. பிளாஸ்மாதான் தளப்பொருள், ஃபைப்ரினோஜென்தான் நார், அதனால் இணைப்புத் திசு என்று எழுதினால் மார்க் வருமா?

மூலக்கூறான்:
மார்க் வரலாம், எனக்கு அந்த வாதம் பிடிக்காது. இணைப்புத் திசுவின் தளப்பொருளை அந்தத் திசுவின் செல்களே சுரக்கின்றன. பிளாஸ்மாவை இரத்த அணுக்களா சுரக்கின்றன? அல்புமினும் ஃபைப்ரினோஜெனும் கல்லீரல் செல்களிலிருந்து வருகின்றன. ஃபைப்ரின் நாராவது இரத்தம் உறையும்போதுதான். ஓடுகிற இரத்தத்தில் நார் உண்டானால் அது நோய்.

குறுக்குவெட்டு:
வாதம் பலவீனம்தான், ஆனால் இரத்தத்தைத் தூக்கி வெளியே போட்டால் தளர்வான திசுவின் பாதிச் செல்களை விளக்க முடியாது. மானோசைட் குழாயை விட்டு இறங்கினால் மேக்ரோஃபேஜ். பி லிம்போசைட் இறங்கி முதிர்ந்தால் பிளாஸ்மா செல். நியூட்ரோஃபில், இயோசினோஃபில் எல்லாம் இரத்தத்தில் பயணம் செய்து, இணைப்புத் திசுவில் வேலை செய்கின்றன. எல்லாமே கருவின் மீசென்கைமிலிருந்து (இணைப்புத் திசுக்களுக்கு மூலமான கருத்திசு) வருகின்றன. இந்த இரண்டு காரணமும் போதும், ஃபைப்ரினை இழுக்கத் தேவையே இல்லை.

மூலக்கூறான்:
பிறப்பிடத்தை வைத்துச் சேர்த்தால் தசையும் பெரும்பாலும் கருவின் நடு அடுக்கான மீசோடெர்மிலிருந்துதான் வருகிறது. அதையும் சேர்ப்பீர்களா? முகத்தின் எலும்புகளில் பல நரம்பு முகட்டுச் செல்களிலிருந்து (கருவில் நரம்புக்குழாயின் ஓரத்தில் எழும் செல்கள்) வருகின்றனவே, அவற்றை வெளியே தள்ளுவீர்களா?

குறுக்குவெட்டு:
தள்ள மாட்டேன், நரம்பு முகட்டிலிருந்து வந்தாலும் அது மீசென்கைமாக மாறித்தான் எலும்பாகிறது. வகைப்பாடு மனிதர் போட்டதுதானே. பிரெஞ்சு உடற்கூறியலாளர் பிஷா 1801இல் உடலில் 21 திசுக்கள் என்று எண்ணினார், அதுவும் நுண்ணோக்கியை நம்பாமல் வெறும் கண்ணால், ஊறவைத்தும் வேகவைத்தும் பார்த்து. இன்று நாம் நான்கு என்கிறோம். தேர்வுத்தாளில் இரண்டு காரணத்தையும் எழுதிவிட்டு வாருங்கள்.

முதலாண்டுக்காரி:
இரண்டையும் குறித்துக்கொண்டேன். எலும்பு ஸ்லைடு இரண்டு மாதிரி வருகிறதே, ஒன்று பழுப்பில் கருப்புப் புள்ளிகளோடு, இன்னொன்று இளஞ்சிவப்பாக?

நீலச்சாயம்:
பழுப்பு என்பது தேய்த்த எலும்பு. காய்ந்த எலும்பை அறுத்து, ஒளி ஊடுருவும் வரை தேய்ப்போம். செல்களெல்லாம் எப்போதோ போய்விட்டன. அவை இருந்த குழியிலும் நுண்கால்வாயிலும் காற்றும் தேய்த்த தூளும் அடைத்திருப்பதால் கருப்பாகத் தெரிகின்றன. இரத்தக் குழாய் ஓடும் ஹேவர்சியன் கால்வாயைச் சுற்றி வட்ட அடுக்குகள், அடுக்குகளுக்கு நடுவே சிலந்தி மாதிரி கருப்புக் குழிகள், அவற்றிலிருந்து மயிரிழைபோல் நுண்கால்வாய்கள். தாது முழுக்க இருக்கும், உயிர் இருக்காது. க்ளாப்டன் ஹேவர்ஸ் 1691இல் எழுதியது இந்தக் கால்வாய்களைப் பற்றித்தான்.

இளஞ்சிவப்பு என்பது அமிலத்தில் ஊறவைத்துச் சுண்ணாம்பை நீக்கிய எலும்பு. தாது போய்விடும், மிஞ்சுவது முதல் வகைக் கொலாஜன். எலும்புக்குள் குடியிருக்கும் ஆஸ்டியோசைட்டின் உட்கரு, ஓரத்தில் வரிசையாக நின்று எலும்பைக் கட்டும் ஆஸ்டியோபிளாஸ்ட், எலும்பை அரித்துக் குழி பறித்து உட்கார்ந்திருக்கும் பல உட்கரு ஆஸ்டியோகிளாஸ்ட் எல்லாம் இதில்தான் கிடைக்கும். நுண்கால்வாய் சரியாகத் தெரியாது. ஆஸ்டியோகிளாஸ்டைக் காட்டு என்று தேய்த்த எலும்பைக் கொடுத்தால் அது இல்லை என்று தைரியமாகச் சொல்லலாம்.

ராப்பறவை:
கால்வாய் எதற்கு அவ்வளவு? கெட்டி எலும்புக்குள் துளை போட்டால் பலம் குறையாதா?

மூட்டுக்காரன்:
குருத்தெலும்பில் சாப்பாடு தளப்பொருள் வழியாக ஊறி வரும் என்றேனே, எலும்பில் தாது படிந்ததும் அந்த வழி அடைபட்டுவிடும். நுண்கால்வாய் இல்லாவிட்டால் உள்ளே மாட்டிய ஆஸ்டியோசைட் செத்துப்போகும். அந்தச் செல்கள் கால்வாய்களுக்குள் நீட்டிய கைகளால் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டு, எங்கே சுமை கூடுகிறது, எங்கே குறைகிறது என்பதை உணர்ந்து எலும்பைத் திருத்தச் சொல்கின்றன. எலும்பு முறிந்தால் சேரும், மூட்டுக் குருத்தெலும்பு கிழிந்தால் சேராது என்பதற்கும் இதில் பாதிப் பதில் இருக்கிறது: ஒன்றில் இரத்தக் குழாய் உண்டு, இன்னொன்றில் இல்லை.

முதலாண்டுக்காரி:
கடைசியாக ஒன்று. ரெட்டிகுலார் திசுவுக்கு வெள்ளிச் சாயம் என்றீர்கள். மண்ணீரல், நிணநீர்க்கணு, தைமஸ் மூன்றையும் வரிசையாக வைத்தால் மூன்றிலும் அந்த வலைதானே சட்டகம்?

நீலச்சாயம்:
மண்ணீரலிலும் நிணநீர்க்கணுவிலும் ஆமாம். வெள்ளி உப்பு மூன்றாம் வகைக் கொலாஜனைப் போர்த்தியிருக்கும் சர்க்கரைப் பூச்சில் படிந்து, கிளைத்துக் கிளைத்துச் சேரும் மெல்லிய கறுப்பு வலையாகத் தெரியும். வலையின் கண்களில் லிம்போசைட்டுகள் உட்கார்ந்திருக்கும். கல்லீரலிலும் எலும்பு மஜ்ஜையிலும் அதே வலை உண்டு.

தைமஸ்தான் கண்ணி. அதன் உறையிலும் குழாய்களைச் சுற்றியும் கொஞ்சம் கறுப்பு விழும், ஆனால் லிம்போசைட்டுகளைத் தாங்கி நிற்கும் சட்டகம் நார் வலை கிடையாது. கிளைத்த கைகளால் கோத்துக்கொண்ட எபிதீலியச் செல்கள் அவை. சாதாரண ஸ்லைடிலேயே மெடுல்லாவில் (உட்பகுதியில்) ஹாசல் உருண்டையைத் தேடுங்கள், வட்டவட்டமாகச் சுருண்ட இளஞ்சிவப்புச் செல்கள். அது கிடைத்தால் தைமஸ், வெள்ளிக்காகக் காத்திருக்க வேண்டாம்.